கப்பல் வைத்தியரின் நாக்கு

வண்டி வந்து நின்றபோது மழை விட்டிருந்தது. லுவார் ஆற்றுக்கு நடுவே, நாந்த் நகரத்துக் கப்பல் முதலாளிகள் மணல் திட்டின்மேல் வரிசையாகக் கட்டிய கல் வீடுகளில் அது கடைசி வீடு. மணலில் நின்றதால் ஆற்றுப் பக்கம் லேசாகச் சாய்ந்திருந்தது. கூடத்தில் ஓர் ஆப்பிளை வைத்தால் அது தானாக உருண்டுபோய் ஆற்றுப் பக்கத்துக் கதவில் முட்டும். அந்தக் கதவைத் திறந்தால் பாசி பிடித்த படிகள், படிகளுக்கு அடியில் தண்ணீர், தண்ணீரில் கட்டிக் கிடக்கும் ஒரு பழைய படகு.

சன்னல்களுக்கு மேலே கல்லில் செதுக்கிய முகங்கள் இருந்தன. தாடிக்காரன் ஒருவன், திராட்சைக் குலை சூடிய பெண் ஒருத்தி, தலையில் துணி சுற்றிய ஆப்பிரிக்கன் ஒருவன். சமையற்காரி கியோன் பாத்திர மூட்டையை இடுப்பில் வைத்துக்கொண்டு அண்ணாந்து பார்த்தாள்.

"ஐயா, இதுங்க எல்லாம் எப்பவும் இப்படியே முழிச்சிக்கிட்டேதான் இருக்குமா?"

"கல்லு, கியோன். கல்லு தூங்குமா?"

"அது தூங்கலைன்னா போவுது. நான் தூங்கணுமேன்னு கேட்டேன்."

மத்துரன் கெர்வோ சிரித்துக்கொண்டே படியேறினான். ஊர் அவனை 'அவர்' என்றுதான் சொன்னது. பதினோரு தடவை ஆப்பிரிக்கக் கரைக்குப் போய் வந்த அடிமைக் கப்பல் வைத்தியர், கோயிலில் முன் வரிசைப் பெஞ்சுக்காரர், இரண்டு மனைவிகளை முறைப்படி அடக்கம் செய்தவர். எனக்கென்னவோ 'அவர்' வாயில் வரவில்லை. அவன் என்றே சொல்லிவிட்டுப் போகிறேன்.

வைத்தியர் என்பதும் பேச்சுக்குத்தான். கரையிலே மனிதர்களைக் கட்டி இழுத்து வருவார்கள். கப்பல் தலைவன் வாங்குவான். வாங்கும் முன்பு, இது கடலுக்கு அப்பால் கரும்புத் தோட்டத் தீவுகள் வரை தாங்குமா, வழியிலேயே செத்துப்போகுமா என்று பார்த்துச் சொல்வது மத்துரனின் வேலை. அந்த வேலையில் அவனை அடிக்க ஆள் இல்லை என்று பேர். காரணம் அவன் நாக்கு. கட்டி நிறுத்தியிருக்கும் ஆளின் தாடையிலிருந்து காது வரை ஒரே இழுப்பாக நக்குவான். மழித்த நரைமுடி நாக்கில் உரசினால் வயசு தெரிந்துவிடும். வேர்வையின் ருசியில் நோய் தெரிந்துவிடும் என்பான். ஒரு மனிதப் பிறவி தன் நாக்கை வைத்துக்கொண்டு எத்தனையோ நல்ல காரியம் செய்யலாம். இவன் செய்தது இது. இதைச் சொல்லிப் பெருமையும் பட்டுக்கொண்டான்.

இனிமேல் கடல் வேண்டாம், கரையில் உட்கார்ந்து சாப்பிட்டுக் கொழுக்கலாம் என்று முடிவுசெய்துதான் இந்த வீட்டை வாங்கியிருந்தான்.

கூடத்துக்குள் நுழைந்ததும் நின்றான். பூட்டிக் கிடந்த வீட்டில் பூஞ்சை வாடை அடிக்கும், ஆற்று வாடை அடிக்கும். இங்கே அடித்தது வேறு. பனையெண்ணெயும் எலுமிச்சையும் கலந்த வாடை. ஆப்பிரிக்கக் கரையில் விற்பவர்கள் ஆட்களின் உடம்பு மினுங்கப் பூசுவார்களே, அந்த வாடை.

"கியோன், இங்க எண்ணெய் ஏதாவது கொட்டிக் கிடக்கா பாரு."

"ஒரு மண்ணும் இல்லையே ஐயா. எனக்கு எலி வாடைதான் வருது."

அவன் சன்னலைத் திறந்து விட்டான். வெளியே பனிமூட்டம் இறங்கிக்கொண்டிருந்தது. கப்பல் பாய்மரங்களின் நுனி மட்டும் தெரிந்தது. அங்கே நிற்கையில் பிடரியில் ஏதோ உறுத்தியது. யாரோ பின்னால் நின்று, அவசரமே இல்லாமல், தலையிலிருந்து குதிகால் வரை தன்னைப் பார்ப்பது போல இருந்தது.

திரும்பினான்.

கூடம் காலியாக இருந்தது.

மறுநாள் மதியம் சாப்பிட்டுவிட்டு நாற்காலியில் கண்ணயர்ந்தான். தூக்கத்தில், வலது கண்ணின் கீழிமையை ஒரு கட்டைவிரல் அழுத்திக் கீழே இழுத்தது. பிறகு இடது கண். காய்ப்புப் பிடித்த விரல், ஈரம் இல்லை, சூடும் இல்லை. அலறி எழுந்தபோது எதிரே யாரும் இல்லை. வெயில் மட்டும் தரையில் விழுந்து கிடந்தது. கண்ணாடியில் பார்த்தான். இரண்டு இமைக்குக் கீழேயும் எண்ணெய்த் தடம் மினுங்கியது. தூக்கத்தில் தானே தேய்த்திருப்போம், மத்தியானம் தின்ற வறுத்த மீனின் எண்ணெயாக இருக்கும் என்று சொல்லிக்கொண்டான். பொய் சொல்லிப் பழகியவனுக்கு, தனக்குத்தானே ஒன்று சொல்லிக்கொள்வது பெரிய காரியமா?

மூன்றாம் நாள் காலை நாவிதன் டோனாசியன் வந்தான். முப்பது வயசுக்காரன், வாயாடி, துறைமுகத்து வம்பெல்லாம் அவன் பெட்டியில் இருக்கும். சோப்பு நுரையைக் குழைத்துக்கொண்டே கேட்டான்.

"ஐயா நாக்கைப் பத்தி ஊரெல்லாம் பேசுதே. நெசமாவே ருசி பாத்துச் சொல்லிருவீங்களாமே?"

கேட்க ஆள் கிடைத்தால் மத்துரனுக்கு வேறென்ன வேண்டும்? நாற்காலியில் நன்றாகச் சாய்ந்துகொண்டான்.

"அதுக்கு ஒரு வரிசை இருக்குப்பா. நான் வகுத்த வரிசை. எல்லாக் கப்பல்லயும் இப்ப அதைத்தான் வச்சிருக்காங்க. மொதல்ல பின்னால நின்னு பாக்கணும், சத்தம் போடாம. அப்புறம் கண்ணு இமையை இழுத்துப் பாக்கணும். அப்புறம் வாய்க்குள்ள விரலை விட்டுப் பல்லு. அப்புறம் குதிக்க விடணும், மூச்சு வாங்குதான்னு தெரியும். கடைசியா நாக்கு."

"அப்புறம்?"

"அப்புறம் தீர்ப்பு. சரின்னா தோள்ல ரெண்டு தட்டு. வேணாம்னா வாயால சொல்லவே மாட்டேன்." மத்துரன் நாக்கை மேலண்ணத்தில் ஒட்டி இழுத்தான். ச்சு. "அவ்வளவுதான். விக்கிறவன் புரிஞ்சிக்குவான்."

பின்னால் நின்று பார்ப்பது. கண் இமை. சொல்லும்போதே நேற்றைய கட்டைவிரல் நினைவுக்கு வந்தது. ஆனாலும் கதை சொல்லும் ருசி அதை அமுக்கிவிட்டது.

"ஒரு தடவை பாரு, அந்தக் கரையில பானி ஆத்து முகத்துல. நல்ல வாட்டசாட்டமான ஆளு. கையைப் பின்னால கட்டியிருக்கு. நான் நாக்கை வச்சு இழுத்துட்டு நிமிர்றேன், அவன் குனிஞ்சு, இந்தக் கன்னத்துல, என்னையே ஒரு நக்கு நக்கிட்டான்! கப்பல்ல இருந்த அத்தனை பயலும் விழுந்து விழுந்து சிரிக்கிறானுங்க."

டோனாசியனும் சிரித்தான். "அப்புறம்?"

"அவன் ஏதோ சொன்னான். விக்கிற படகுக்காரனுக்கும் சிரிப்பு தாங்கல. என்னடா சொல்றான்னு கேட்டேன். 'நான் இன்னும் இவரைப் பாத்து முடிக்கல'ன்னு சொல்றான் வைத்தியரேன்னான்."

"ஆளுக்கு என்ன நோவு?"

"நோவா? ஒரு குறையும் இல்ல. குதிரை மாதிரி இருந்தான். ஆனா அத்தனை பேர் முன்னால என்னை நக்கினவனை எப்படிப்பா கப்பல்ல ஏத்துறது? ச்சுன்னுட்டேன்."

"வீட்டுக்கு அனுப்பிருவாங்களா அப்ப?"

மத்துரன் இவனுக்கு உலகமே தெரியவில்லையே என்பது போல் பார்த்தான். "வீட்டுக்கா? விக்காததை வச்சு அவனுங்க சோறு போடுவானுங்களா? படகை எங்க கப்பலோட பின்பக்கத்துக்குக் கீழ கொண்டு போனானுங்க. கழுத்தைப் படகு விளிம்புல வச்சானுங்க. ஒரு சத்தம். கறிக்கடையில கேக்குமே, அந்த மாதிரி."

கத்தி அவன் தொண்டைக் குழிமேல் நின்றுவிட்டது. டோனாசியன் சிரிக்கவில்லை. சமையலறை வாசலில் முட்டைக்கோசை நறுக்கிக்கொண்டிருந்த கியோனும் கையை நிறுத்தியிருந்தாள்.

"அவன் பேரு என்னங்கய்யா?" என்றாள்.

"யாரு பேரு?"

"அந்த ஆளு பேரு."

"எனக்கெப்படித் தெரியும்? சரக்குக்கெல்லாம் பேரு கேட்டுக்கிட்டிருக்க முடியுமா?"

அவனுக்கும் ஒரு பேர் இருந்திருக்கும். பெற்றவள் யோசித்து வைத்திருப்பாள், யாரோ ஒருத்தி அந்தப் பேரைச் சொல்லிச் சாயங்காலத்தில் கூப்பிட்டிருப்பாள். இந்தப் பன்றிக்கு அதைக் கேட்கத் தோன்றவில்லை.

டோனாசியன் மீதிச் சவரத்தை அவசரமாக முடித்துவிட்டுப் போனான்.

அன்று மதியம் பட்டாணி சூப். முதல் கரண்டியை வாயில் வைத்தான் மத்துரன். கரண்டியோடு கூட ஒரு விரலும் உள்ளே வந்தது.

கடிக்கப் பார்த்தான். தாடை அசையவில்லை. வேறொரு கை அதைத் திறந்தபடி பிடித்திருந்தது. விரல் கடைவாயில் தொடங்கி ஒவ்வொரு பல்லாகத் தட்டிக்கொண்டு வந்தது. பூச்சி விழுந்த பல்லில் நின்றது. ஆட்டிப் பார்த்தது. அடுத்ததுக்குப் போனது. வாயெல்லாம் பனையெண்ணெய் ருசி.

அந்த நிதானம் அவனுக்குத் தெரியும். அது அவனுடைய நிதானம்.

விரல் வெளியே போனதும் சூப் தட்டிலேயே குமட்டினான். கியோன் ஓடி வந்தாள்.

"உப்பு சேந்திருச்சா ஐயா?"

"யாரோ... வாய்க்குள்ள... பல்லை..."

கியோன் அவனையே பார்த்தாள். பிறகு தட்டை எடுத்துக்கொண்டு திரும்பினாள். "பல்லை எண்ணிப் பாத்தா யாருக்கு ஐயா பிடிக்கும்?" என்று முனகிக்கொண்டே போனாள்.

அவன் பயந்தான். நன்றாகவே பயந்தான். உடனே மேலங்கியை மாட்டிக்கொண்டு பாலத்தைத் தாண்டிக் கோயிலுக்கு ஓடினான். பாவமன்னிப்புக் கூண்டில் முட்டிபோட்டு, நோன்பு நாளில் வாத்துக்கறி தின்றதைச் சொன்னான், வேலைக்காரியைத் திட்டியதைச் சொன்னான், இரண்டாவது மனைவியின் தங்கையை ஒரு மாதிரி பார்த்ததைச் சொன்னான். பானி ஆற்று ஆளைப் பற்றிச் சொல்லவில்லை. மறைத்தான் என்று நினைக்காதீர்கள். அதெல்லாம் பாவக் கணக்கில் வரும் என்றே அவனுக்குத் தோன்றவில்லை. சாமியார் மூன்று செபம் சொல்லச் சொன்னார். சொல்லி முடித்துவிட்டு, கழுவி விட்டாற்போல் எழுந்து வெளியே வந்தான். வாசலிலேயே அந்த வாடை நின்றிருந்தது. வண்டி பிடித்து ஊருக்கு வெளியே சத்திரத்துக்குப் போகலாம் என்று ஏறினான். வண்டிக்குள் எதிர் இருக்கைத் தோல், யாரோ உட்கார்ந்திருப்பது போல அழுந்திக் குழிந்திருந்தது. இறங்கிவிட்டான்.

எங்கே போனாலும் கூட வருகிறது என்றால் வீட்டிலேயே இருக்கலாம் என்று திரும்பினான்.

மறுநாள் காலை கியோன் சந்தையிலிருந்து வந்தபோது கூடத்தில் தொம் தொம் என்று சத்தம். கதவைத் திறந்தாள். எஜமான் நடுக் கூடத்தில் குதித்துக்கொண்டிருந்தான். இரண்டு கையும் தலைக்கு மேலே. தொப்பை ஒரு பக்கம், பொய்முடி ஒரு பக்கம். தரையின் சாய்வில் ஒவ்வொரு குதிப்புக்கும் ஆற்றுப் பக்கக் கதவை நோக்கிக் கொஞ்சம் கொஞ்சமாக நகர்ந்துகொண்டிருந்தான்.

"என்னங்கய்யா, ஏன் குதிக்கிறீங்க?"

"நான் குதிக்கல!" என்றான், குதித்துக்கொண்டே. கண்ணில் தண்ணீர். "கியோன், பிடி! என்னைப் பிடி!"

அவள் கூடையைக் கீழே வைக்கவில்லை.

குதிப்பு கதவு வரை போய் நின்றது. அவன் சுவரில் சாய்ந்து வாயைப் பிளந்து மூச்சு வாங்கினான். அப்போது தன் மார்பின் இடது பக்கம் ஓர் உள்ளங்கை அழுந்தியிருப்பதை உணர்ந்தான். மூச்சை எண்ணுகிற கை. மெதுவாக எடுபட்டது.

நான்கு முடிந்துவிட்டது. இனி நாக்கு. அதற்கப்புறம் தீர்ப்பு.

மத்துரன் கட்டிலில் விழுந்து யோசித்தான். வாழ்க்கையில் முதல் தடவையாக, கட்டி நிறுத்தப்பட்டவன் பக்கத்திலிருந்து யோசித்தான். அதுவும் அடுத்தவனுக்காக இல்லை, தனக்காக. என்ன செய்தால் தப்பலாம்? நோயாளி என்று நினைத்தால் வேண்டாம் என்று விட்டுவிடும் இல்லையா? உடனே கம்பளியை இழுத்துப் போர்த்திக்கொண்டு இருமத் தொடங்கினான்.

"கியோன்! வந்து சத்தமாச் சொல்லு. ஐயாவுக்கு உடம்பு ரொம்ப மோசமா இருக்குன்னு சொல்லு."

"யாருக்குக் கேக்கணும்?"

"சொல்லுடி!"

"ஐயாவுக்கு உடம்பு ரொம்ப மோசமா இருக்கு!" என்று கூரையைப் பார்த்துக் கத்தினாள் கியோன். "உள்ளுக்குள்ளயே அழுகிப் போச்சு! போதுமாய்யா?"

அன்று முழுக்க முனகினான், எச்சில் ஒழுக விட்டான், மலச்சட்டியைக் கட்டிலடியிலேயே வைத்துக்கொண்டான். தன் சாமர்த்தியத்தை நினைத்து உள்ளூரக் கொஞ்சம் சிரித்தும் கொண்டான். சாயங்கால மணி அடிக்கும்போதுதான் மண்டையில் உறைத்தது. வேண்டாம் என்று ஒதுக்கினவர்களை யாரும் வீட்டுக்கு அனுப்பவில்லையே. படகு. விளிம்பு. ஒரு சத்தம்.

துள்ளி எழுந்தான்.

"நான் நல்லா இருக்கேன்!" என்று வீடு அதிரக் கத்தினான். "ஒண்ணுமில்ல எனக்கு! இரும்பு மாதிரி இருக்கேன்!"

ஏற்றுக்கொண்டால் என்ன ஆகும் என்பதும் அவனுக்குத் தெரியும். சூட்டுக்கோல், சங்கிலி, கப்பலின் அடித்தட்டு இருட்டு. அவனே கதவைச் சாத்திவிட்டு வந்த இருட்டு. ஆனாலும் அங்கே உயிர் இருக்கும். மனிதர்களை விலைக்கு எடுத்துத் தின்று வளர்ந்தவன் இப்போது தன்னை யாராவது எடுத்துக்கொள்ள மாட்டார்களா என்று ஏங்கினான். என்ன கேவலம்.

மறுநாள் புனித மார்த்தன் திருநாள். வீடுகளிலெல்லாம் வாத்து வறுபடும் வாசனை. மத்துரன் டோனாசியனை விடியும்போதே வரவழைத்தான். துறைமுகத்தில் ஒரு மாலுமியிடமிருந்து ஒரு குடுவை பனையெண்ணெய் வாங்கி வரச் சொல்லியிருந்தான். சட்டையைக் கழற்றி நாற்காலியில் உட்கார்ந்தான். நாற்காலி கூடத்து நடுவில், ஆற்றுக் கதவுக்கு முதுகு காட்டி.

"மூணு தடவை மழி. ஒரு முடி உரசக் கூடாது. தலையில நரை எல்லாத்துக்கும் கரி பூசு. நெஞ்சு, தோள், கால் எல்லாம் எண்ணெய் தேய்."

டோனாசியன் கையைப் பிசைந்தான். "ஐயா, இது அந்தக் கரையில விக்கிறவங்க செய்ற வேலை இல்ல? வயசை மறைக்க?"

"ஆமா."

"அது ஒங்க நாக்கை ஏமாத்த முடியாதுன்னு ஊரே சொல்லுதே?"

மத்துரன் தாடையைத் தூக்கிக் காட்டினான். எண்ணெய் பூசிய அறுபது வயசு உடம்பு பன்றித்தோல் மாதிரி மினுங்கியது. கரி வழிந்து நெற்றியில் கோடு விழுந்தது. கியோன் சமையலறை வாசலில் நின்று பார்த்தாள். அவள் வாத்துக்குத் தேய்த்துக்கொண்டிருந்ததும் எண்ணெய்தான். அந்த வாத்தைப் பார்த்தால் பரிதாபமாக இருந்தது.

நேரம் போய்க்கொண்டிருந்தது. வெளியே பனி சன்னலை அடைத்திருந்தது. உச்சி வேளையில் ஊர்க் கோயில்கள் எல்லாம் ஒன்றாக மணி அடித்தன. அடித்து ஓய்ந்தன. அதற்குப் பிறகு ஆற்றுச் சத்தம்கூட இல்லை.

வேர்த்தது.

மத்துரன் வேர்க்கக் கூடாது என்று பல்லைக் கடித்தான். கடிக்கக் கடிக்க வேர்த்தது. எண்ணெய்க்கு அடியிலிருந்து முத்து முத்தாகக் கிளம்பி, தாடையில் கூடி, சொட்டியது. நாக்கை நீட்டி மேலுதட்டில் வழிந்ததை நக்கிப் பார்த்தான். பழக்கதோஷம்.

அந்த ருசி அவனுக்குத் தெரியும். பதினோரு பயணத்தில் எத்தனை பேரிடம் அதைப் பார்த்திருக்கிறான். ஒரு கசப்பு, பின்னால் செம்பு நெடி. இது நோய், இது தாங்காது என்று எத்தனை பேரை அந்த ருசிக்காகவே படகுக்குத் திருப்பி அனுப்பியிருக்கிறான். தனக்கு இப்போது எந்த நோயும் இல்லை. பயம்தான் இருந்தது. அப்படியென்றால் அவர்களுக்கும் நோய் இருந்ததில்லை.

"ஐயோ" என்றான், சின்னக் குரலில். அவர்களுக்காகச் சொன்ன 'ஐயோ' அல்ல. இந்த ருசியைப் பார்த்தால் தனக்கு என்ன தீர்ப்பு வரும் என்று தெரிந்துபோன 'ஐயோ'.

"துடை! டோனாசியா, துடைச்சு விடு, சீக்கிரம்!"

டோனாசியன் துண்டோடு கையை நீட்டினான். நீட்டிய கை அப்படியே நின்றது.

மத்துரனின் இடது தாடையில் எண்ணெய்ப் பூச்சு விலகியது.

அகலமாக ஒரு தடம். தாடையின் அடியில் தொடங்கியது. சதையை அழுத்திக்கொண்டு மேலே ஏறியது. கன்னம் ஒதுங்கிக் கொடுத்தது. மெதுவாக, மெதுவாக, காது மடல் வரை போய் நின்றது.

டோனாசியன் சுவரோடு ஒட்டிக்கொண்டான். துண்டு கீழே விழுந்தது.

மத்துரன் தலையை அசைக்காமல் கிசுகிசுத்தான். "நல்லா இருக்கேன். நல்ல சரக்கு. தோள்ல தட்டு. ரெண்டு தட்டு தட்டிரு. தட்டிரு சாமி."

யாரும் தட்டவில்லை.

அவன் தோள்கள் தாமாகவே நிமிர்ந்து, தட்டுக்காகக் காத்திருந்தன.

ச்சு.

அறையில் இருந்த மூன்று பேரும் அதைக் கேட்டார்கள். மூன்று பேர் வாயும் மூடித்தான் இருந்தது.

ஆற்றுப் பக்கக் கதவு திறந்தது. மத்துரன் எழுந்தான். எழுந்தான் என்பதைவிட எழுப்பப்பட்டான் என்பது சரி. முழங்கைகள் இரண்டும் முதுகுப் பக்கம் போய்ச் சேர்ந்துகொண்டன. கட்டிய கயிறு கண்ணுக்குத் தெரியவில்லை. பின்பக்கமாகவே, குதிகால் தரையில் இழுபட, சாய்ந்த தளத்தில் இறங்கிப் போனான். "கியோன்! ஏதாவது சொல்லேன்! நான் நல்லவன்னு சொல்லேன்!" என்று கெஞ்சினான். கியோன் வாயைத் திறந்தாள். ஒன்றும் வரவில்லை. பொய் சொல்ல அவளுக்கு அவ்வளவு சீக்கிரம் வராது.

பனி அவனை வாங்கிக்கொண்டது. படிகளில் வழுக்கும் சத்தம் கேட்டது. படகு தண்ணீரில் ஆடும் சத்தம் கேட்டது.

பிறகு ஒரு சத்தம். கறிக்கடையில் கேட்கிற மாதிரி.

கியோன்தான் முதலில் படியிறங்கிப் போய்ப் பார்த்தாள். அவன் படகுக்குள் குப்புறக் கிடந்தான். கழுத்து படகின் விளிம்பில் ஒடிந்து, தலை வெளியே தண்ணீரைப் பார்த்துத் தொங்கியது. நகரத்து அதிகாரி வந்தார். பாசிப் படி, எண்ணெய்க் கால், வழுக்கி விழுந்திருக்கிறார் என்று எழுதிக்கொண்டு போனார். எண்ணெய் எதற்குப் பூசினார் என்று கேட்டார். திருநாள் அன்றைக்கு ஐயாவுக்கு ஏதோ ஆசை என்றாள் கியோன்.

பிணத்துக்கு முகம் மழித்து விடுவது நாவிதன் கடமை. டோனாசியன் கத்தியோடு வந்தான். மூன்று தடவை மழித்த முகத்தில் மழிக்க எதுவும் இல்லை. இடது கன்னத்தில் மட்டும் ஒரு பட்டை ஈரம். துடைத்தான். திரும்பி வந்தது. இன்னொரு தடவை துடைத்தான். வந்தது. பெட்டி மூடி ஆணி அடிக்கும்போதும் அது ஈரமாகத்தான் இருந்தது.

"அக்கா, இங்க இருக்காத. வேற வீடு பாத்துப் போயிரு" என்றான் கியோனிடம்.

"எதுக்கு? என்னை ஒண்ணும் பண்ணலையே. நான் யாரை நக்கினேன்?"

வசந்தம் வந்தபோது வீடு கைமாறியது. வாங்கியவன் அலெக்சி புல்யார், அடிமைக் கப்பல் தலைவன், கரைக்கும் தீவுகளுக்கும் ஆறு பயணம் போனவன். நல்ல சிவந்த முகம், பெரிய சிரிப்பு. சமையலுக்குக் கியோனையே வைத்துக்கொண்டான், சவரத்துக்கு டோனாசியனையே வரச் சொன்னான். முதல் நாள் காலை கூடத்து நடுவில் நாற்காலியைப் போட்டு உட்கார்ந்து, சன்னல் பக்கம் பார்த்துக்கொண்டே மூக்கை உறிஞ்சினான்.

"இங்க பனையெண்ணெய் வாடை அடிக்குதா ஒங்களுக்கு?"

"இல்லைங்களே தலைவரே" என்றாள் கியோன்.

கொஞ்ச நேரம் கழித்துப் பிடரியைத் தேய்த்துக்கொண்டான். "டேய் நாவிதா, எவ்வளவு நேரமா என் பின்னாலயே நின்னுக்கிட்டு என்னத்தடா பாக்குற? வந்து வேலையப் பாரு."

டோனாசியன் அவனுக்கு முன்னால், சமையலறை வாசல் பக்கம் குந்தி உட்கார்ந்து பெட்டியைத் திறந்துகொண்டிருந்தான். மெல்லத் தலையைத் தூக்கிக் கியோனைப் பார்த்தான். உதடு அசைந்தது. சொல்லிவிடலாமா என்று கேட்கிற பார்வை.

கியோன் இல்லை என்று தலையசைத்தாள். சமையலறைக்குள் போனாள். கதவைச் சத்தமில்லாமல் சாத்திக்கொண்டாள்.